வலது தோள் அரை அங்குலம்

மார்ச் பதினெட்டு, செவ்வாய்க்கிழமை, காலை ஒன்பதரை மணி. கண் மருத்துவமனையின் இரண்டாவது மாடியில் கண்புரை அறுவை சிகிச்சைக்குப் பதினான்கு பேர் காத்திருந்தார்கள். பதின்மூன்று பேருக்குத் துணைக்கு ஆள் இருந்தது.

பதினான்காவது ஆள் தையல்காரி. பேருந்து நிலையத்துக்கு எதிரே, ஒரு மாடிப்படியின் அடியில் மெஷின் போட்டு, பெரிய சட்டைகளைப் பிடித்தும் சின்னவற்றைப் பிரித்துவிட்டும் கொடுப்பவள். இருபத்திரண்டு வருடமாக அங்கேதான். தேதி வாங்கியபோது, கூட யார் வருவார்கள் என்று கேட்டதற்குக் கூசாமல் "தம்பி" என்று சொல்லிவிட்டாள். அவளுக்குத் தம்பி கிடையாது.

"தம்பி எங்கம்மா?" என்றாள் நர்ஸ்.

"வந்துட்டே இருக்கான்."

"அரை மணியா வந்துட்டே இருக்காரு. பத்தரைக்குள்ள ஆள் இல்லைன்னா அப்புறம் ஜூன்லதான்."

ஜூன் வரை தாங்காது. இப்போதே கறுப்புத் துணியில் போட்ட கறுப்புத் தையல் விரலுக்குத்தான் தெரிகிறது.

கைப்பேசியை மூக்கருகே பிடித்துத் தள்ளினாள். நூற்று நாற்பது எண்கள். எல்லாரையும் உடம்பை வைத்துத்தான் குறித்திருந்தாள். இடுப்பு முப்பத்தெட்டு. குட்டைக் கை. தொப்பை, கோபக்காரர். இத்தனை பேரின் உடம்பு தெரியும், ஒருவர் வீட்டு வாசலும் தெரியாது. 'வலது தோள் அரை இஞ்ச் இறக்கம்' என்ற இடத்தில் விரல் நின்றது. பேருந்து ஓட்டுநர். கோணல் வெளியே தெரியாதிருக்க, அவர் சட்டைத் தோளுக்குள் சின்னத் துணிப் பட்டை ஒன்றைச் சொல்லாமலே வைத்துத் தைப்பாள்.

"சார், நான் தையக்கடை அக்கா. ஒரு பொய் சொல்லித் தொலைச்சுட்டேன். நீங்க வந்து தம்பியா நிக்கணும்."

மறுமுனையில் டிப்போ இரைச்சலுக்கு மேலே குரலை உயர்த்தினார். "யூனிஃபார்ம்ல வரலாமாக்கா?"

பத்து இருபத்தைந்துக்கு மூச்சிரைக்க வந்து நின்றார்.

"கூடப் பொறந்தவரா?" என்றாள் நர்ஸ்.

பொய் அவருக்குச் சரளமாக வரவில்லை. "சட்டை தைக்கிறவங்க மேடம். பதினோரு வருஷமா."

"அது ஒரு உறவா சார்?"

"என் தோள் கோணல்னு வீட்டுக்காரிக்கே தெரியாது. இவங்க பட்டை வச்சு மறைச்சுடறாங்க."

தையல்காரி நிமிர்ந்தாள். "பட்டை வைக்கறது உங்களுக்குத் தெரியுமா?"

"துவைக்கறது நான்தானேக்கா."

நர்ஸ் சிரிப்பை அடக்கிக்கொண்டு பேனாவை நீட்டினாள். "போடுங்க கையெழுத்தை. போட்டுட்டு வாயைத் திறக்காம உக்காருங்க."

பன்னிரண்டு பத்துக்கு அறுவை முடிந்தது. வெளியே, அவளுடைய பையை மடியில் வைத்தபடி ஓட்டுநர் தூங்கிப்போயிருந்தார்.