பூந்தொட்டிக்குள் இருந்த படம்

சட்டைக் கையை ஏற்றிவிட்டுக்கொண்டு, ப்ளீச்சிங் பவுடர் கரைத்த வாளிக்குள் ஃபிலிமை முக்கி முக்கித் தேய்த்துக்கொண்டிருந்தார் அண்ணன். கூடத்தில் தம்பியின் உடல் பெட்டிக்குள் கிடந்தது. வருகிறவர்கள் நிற்க இடம் வேண்டுமே என்று பின்கட்டை ஒழுங்குபண்ணப் போனவர், பூந்தொட்டி மண்ணுக்குள் சுருள் சுருளாக ஃபிலிம் கிடந்ததைப் பார்த்துப் பதறிப்போனார். பாவிப்பயல், எடுத்த படத்தைக்கூடப் பத்திரமாக வைக்கத் தெரியாமல் போய்ச் சேர்ந்துவிட்டானே! பச்சையும் மஞ்சளுமாக ஒரே பூஞ்சை. இதையாவது காப்பாற்றிக் கொடுப்போம் என்று உட்கார்ந்தவர், காலையிலிருந்து எழுந்திருக்கவே இல்லை.

தம்பிக்காக இப்படி மெனக்கெடுவது அவருக்கே புதுசு. தம்பி எடுத்ததெல்லாம் கதையில்லாத படங்கள். ஃபிலிமை ஊசியால் கீறுவான், மேலே வண்ணம் தடவுவான். ‘சுரண்டி’ என்று அவனுக்குப் பேர் வைத்ததே இவர்தான். முதல் படம் திரையிட்ட அன்று, திரையெங்கும் கீறல் கோடுகோடாக ஓட, “மழை பெய்யுதுடா, குடை கொண்டாங்க!” என்று கத்தி அரங்கத்தையே சிரிக்கவைத்தார். அதற்கப்புறம் தம்பி எந்தப் படத்துக்கும் இவரைக் கூப்பிடவில்லை.

கடைசிச் சுருளைக் கொடியில் மாட்டும்போது தம்பியின் மனைவி வந்தாள்.

“பாத்தியாம்மா? மண்ணோட மண்ணா கெடந்துச்சு. எப்படிப் பளிச்சுனு ஆக்கிட்டேன் பாரு.”

ஃபிலிமில் ஒன்றுமே இல்லை. வெறும் கண்ணாடி மாதிரி இருந்தது. அவள் ஒன்றை இழுத்து வெளிச்சத்தில் பிடித்தாள். அடுத்ததையும் பிடித்தாள்.

“அவருதான் மாமா பொதச்சு வெச்சாரு. மண்ணு அரிச்சு அரிச்சு அதுல ஒரு நெறம் வரும். அதுதான் படம். மூச்சு விட முடியாதப்பகூடச் சுவத்தப் புடிச்சு நடந்துவந்து தண்ணி தெளிச்சாரு.”

“எனக்கெப்படிம்மா தெரியும்? அழுக்குன்னு நெனச்சுட்டேன்.”

“குடை கேட்டவருதானே நீங்க? உசுரோட இருந்தப்ப சிரிச்சது பத்தலையா?”

“சத்தியமா நல்லதுக்குத்தான்மா செஞ்சேன்.”

“ஒரு படமாவது நல்லாருக்குன்னு அவருகிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருப்பீங்களா?”

சொன்னதில்லை. இப்போது பொய் சொல்லவும் அவருக்கு வாய் வரவில்லை.

“பெட்டிய நீங்க தொடக் கூடாது.”

“கூடப் பொறந்தவன்மா!”

“அது அவரு தலையெழுத்து” என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

எடுக்கும் நேரம் வந்தது. பெட்டியைத் தூக்க அண்ணன் நிற்கவேண்டிய மூலையில், தம்பியோடு வேலைபார்த்த எடிட்டர் நின்றார். அதற்குள் விஷயம் தெரிந்துவிட்ட சொந்தக்காரர்கள் இவரைப் பார்த்தார்கள், ஃபிலிம் தொங்கிய கொடியைப் பார்த்தார்கள். ஏன் என்று ஒருத்தர்கூடக் கேட்கவில்லை. வேணுமென்றே செய்தார் என்று அத்தனை பேரும் நம்பிவிட்டார்களே, அதுதான் அவருக்குத் தாங்கவில்லை.

வாசல் குறுகல். திரும்பும்போது பெட்டி ஒரு பக்கம் சாய்ந்தது. அண்ணனின் கை தன்னால் நீண்டது. முன்னால் போய்க்கொண்டிருந்த தம்பியின் மனைவி நின்று திரும்பிப் பார்த்தாள்.

அவர் கையை இழுத்துக்கொண்டு, சுவரோடு ஒட்டி நின்று வழிவிட்டார்.