ஒன்பது தடவை விதைத்த நிலம்

அறுபத்தொன்றில் நான் நாகலாபுரம் பக்கம் கிராம சேவகனாக இருந்தேன். மானாவாரி விவசாயி ஒருவரின் ஒரு நாளை உள்ளது உள்ளபடி படம் பிடிக்க வேண்டும் என்று மதராஸிலிருந்து நான்கு பேர் ஜீப்பில் வந்து இறங்கினார்கள். சாதாரண ஆளாகக் காட்டுங்கள் என்றார்கள். நான் வன்னியபெருமாளைக் காட்டினேன். அவருக்கு முடியாது என்று சொல்ல வராது. வேலியில் போன ஓணானைப் பிடித்து அந்த மனுஷன் மடியில் விட்டவன் நான்தான்.

அவருக்கு இருந்தது ஒரே ஒரு குறுக்கம், ஏறக்குறைய ஒரு ஏக்கர் கரிசல். ஐப்பசி மழை விட்டு மூன்றாம் நாள். விதைக்கிற பதம் அன்று பொழுது சாய்வதற்குள் போய்விடும். வீட்டில் எடுத்து வைத்த பருத்தி விதையைச் சாணிப்பாலில் பிசைந்து உலர்த்தி ஓலைப்பெட்டியில் கொண்டுவந்திருந்தார். அந்த நிலத்துக்கு அது சரியாக இருக்கும், ஒரு பிடி மிஞ்சாது.

"நாங்க இருக்கிறதையே அவர் மறந்துடணும்" என்றார் டைரக்டர். மறக்க எங்கே விட்டார்கள்? முதல் தடவை வரப்பிலிருந்து வரப்பு வரை விதைத்துக்கொண்டே நடந்தார். தலைத்துண்டு முகத்தை மறைக்கிறது, கழற்றிவிட்டு அதே தடத்தில் வரச் சொல் என்றார்கள். அடுத்த தடவை மேகம் மறைத்தது. அதற்கடுத்து வரப்போரம் கட்டியிருந்த ஏர்மாடு மிரண்டது.

"இனிமே விதை வேண்டாம், வெறுங்கையை வீசினா போதும்" என்றார் டைரக்டர். நான் போய்ச் சொன்னேன். வன்னியபெருமாள் தலையை ஆட்டினார்.

அப்புறம் நான், அவர் முகத்தில் வெளிச்சம் விழ, வெள்ளித்தாள் ஒட்டிய பலகையை வெயிலுக்குக் காட்டிக்கொண்டு நின்றேன். எனக்கும் பெருமைதான், மறைப்பானேன். மொத்தம் ஒன்பது தடவை அதே தடத்தில் நடந்தார். சாணி பூசிய விதை கரிசலில் விழுந்தால் கண்ணுக்குத் தெரியாது.

மத்தியானம் ஜீப் போனது. கஞ்சி கொண்டுவந்த அவர் மனைவி பெருமாயி பெட்டியைத் தூக்கிப் பார்த்தாள். அடியில் கொஞ்சம்தான் கிடந்தது. நான் பெட்டியை வாங்கிப் பார்த்தேன்.

"அண்ணாச்சி, வெறுங்கைன்னு சொன்னேனே!"

"வெதப்பன்னைக்கு வெறுங்கைய வீசலாமா சார்? நெலம் ஏமாந்து போவும்லா." வரப்பில் உட்கார்ந்து முழங்காலைப் பிடித்துக்கொண்டார். "அவியளும் வந்த ஆளுவ. எப்படி மாட்டேங்கது?"

விதைக்கு எங்கெங்கோ அலைந்தேன். கிடைத்ததைச் சாணியில் பிசைந்து உலர்த்துவதற்குள் மண் இறுகிவிட்டது. அந்த ஒரு தடத்தில் பருத்தி புல்லாக முளைத்து நின்றது. மற்ற நிலத்தில் பெரும்பகுதி சும்மா கிடந்தது. நெருக்கமாக முளைத்ததை அவரே குந்திப் பிடுங்கிப் போட்டார். என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தால் தேவலை.

அடுத்த வருஷம் எட்டயபுரம் கொட்டகையில், சினிமாவுக்கு முன்னால் அந்தப் படம் ஓடியது. இருவரையும் நானே கூட்டிக்கொண்டு போனேன். வன்னியபெருமாள் திரையில் நாலு எட்டு நடந்தார், இரண்டு கை வீசினார். அதற்குள் வேறு ஏதோ ஊர் அணைக்கட்டு வந்துவிட்டது.

பெருமாயி என் பக்கம் திரும்பினாள்.

"சார், தலையில துண்டு இருந்துச்சே. பெறகு கழத்தச் சொன்னாவன்னு இவிய சொன்னாவளே, அப்ப அது மொத மட்டம் வெதச்சதுல்லா?"

வன்னியபெருமாள்தான் பதில் சொன்னார்.

"ஆமாட்டி. அதுவே போதுமா இருந்துருக்கு."

சொல்லிவிட்டுத் துண்டை உதறி மடியில் போட்டுக்கொண்டு, அடுத்த படத்தைப் பார்க்க நிமிர்ந்து உட்கார்ந்தார்.