சுற்று வந்த பிறகு

விருப்ப ஓய்வுக்கு எழுதிக் கொடுத்த சீட்டக்கா அன்று காலை வெயில் ஏறும்வரை போர்வைக்குள்ளேயே கிடந்தாள். பேருந்துப் பணிமனையில் இருக்கைகளுக்கு உறை தைத்துத் தைத்தே விரல்கள் மரத்துப்போனவள் அவள். இனி மாதாமாதம் பென்ஷன் வரும், ஊசியைத் தொடவே வேண்டாம் என்றிருந்தாள்.

அப்போதுதான் ஆபீஸ் கிளார்க் போன் செய்தான்.

"என்னக்கா, நாலு நாளா ஆளையே காணோம்?"

"எனக்குத்தான் சுத்து முடிஞ்சிருச்சே தம்பி."

சுற்று என்பது அந்தப் பணிமனையின் வழக்கம். ஓய்வு பெறுகிறவரை ஒரு பேருந்தில் ஏற்றி, ஹாரன் அலற மைதானத்தை ஒருமுறை வலம்வருவார்கள். இறங்கியதும் அவருடைய சாமான்களை ஆளுக்கொன்றாக எடுத்துக்கொள்வார்கள். அதற்குப் பிறகு அவர் வாசலில் தலைகாட்டினால் கேலி தாங்காது. அக்கா முதன்முதலில் உறை தைத்த பேருந்து காயலான் கடைக்குப் போகவிருந்தது. அதில்தான் அவள் சுற்ற வேண்டும் என்று ஃபோர்மேன் ஒற்றைக் காலில் நின்றார். அதனால் சுற்று முன்கூட்டியே நடந்துவிட்டது. "இனிமே எதுக்குக்கா வந்துகிட்டு? நாங்க பாத்துக்கறோம்" என்றார். அவளும் நம்பிவிட்டாள்.

"சுத்து முடிஞ்சா சர்வீஸ் முடிஞ்சிருமா?" கிளார்க்கின் குரல் ஏறியது. "இருபது வருஷம் நிறைஞ்சாதான் விருப்ப ஓய்வுக்கு பென்ஷன். உங்களுக்கு அது நிறையறதே இந்த மாசக் கடைசியிலதான். சொல்லாம கொள்ளாம நின்ன நாளெல்லாம் கணக்குல வராதுக்கா."

அவள் போர்வையை உதறிவிட்டு எழுந்தாள். "அப்போ பென்ஷன்?"

"லீவு மிச்சம் இருக்கு. மேனேஜர் மனசு வெச்சா நின்ன நாளை அதுல சரிக்கட்டலாம். ஆனா இன்னியிலேர்ந்து ஒருநாள் தவறினாலும் என்னால ஒண்ணும் பண்ண முடியாது. ஓடி வாங்க."

கண்ணாடி முன் மீசை ஒதுக்கிக்கொண்டிருந்த கணவன், "கிணறு வெட்டப் பூதம் கிளம்பின கதையா இருக்கே" என்றான்.

"வாய மூடிட்டு செருப்ப எடுத்துப் போடுய்யா."

பேருந்தில் உட்கார்ந்ததும் பழக்கதோஷத்தில் இருக்கையின் தையலைத் தடவினாள். அவளே போட்ட தையல். விரலுக்கு ஒன்றும் தெரியவில்லை. இந்தக் கையை வைத்துக்கொண்டு மாதக் கடைசி வரை எப்படி ஓட்டுவது?

வாசலில் கால் வைத்ததும் பெயிண்டர் கத்தினான். "டேய், பேய் வந்துருச்சு! ஓடுங்கடா!"

"பேய்க்கு முதல்ல அதோட ஸ்டூலக் குடுடா."

"அதுல நான் பெயிண்ட் டப்பா வெச்சிட்டேனேக்கா."

"டப்பாவ உன் தலையில வெச்சுக்கோ."

ஸ்டூல் நீலக் கறையோடு வந்தது. கத்தரிக்கோல் எலக்ட்ரீஷியனின் மாமியார் வீட்டுக்கே போய்விட்டிருந்தது. ஃபோர்மேன் தன் கத்தரியைக் கொண்டுவந்து நீட்டினார். அவர் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. "நல்லதுன்னு நெனச்சுதான்க்கா..."

"நீங்க நெனச்சீங்க. நான் நம்பினேன். மேனேஜர் எங்க?"

மேனேஜர் மத்தியானத்துக்கு மேல்தான் வந்தார். அவள் நீட்டிய லீவு மனுவை வாங்கி மேசைமேல் வைத்து, அதன்மேல் தேநீர்க் கோப்பையை வைத்தார். "பாக்கலாம்மா."

அந்த ஒரு சொல்லைத் திருப்பித் திருப்பிப் போட்டுப் பார்த்தபடியே தைத்தாள். பாக்கலாம் என்றால் தருவாரா, மாட்டாரா? ஊசி இருமுறை விரலில் ஏறியது. ரத்தம் வந்த பிறகுதான் தெரிந்தது.

சாயங்காலம் சங்கு ஊதியது. எல்லோரும் கை கழுவிக்கொண்டு கிளம்பினார்கள். அக்காவின் தையல் மெஷின் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

"சங்கு ஊதியாச்சுக்கா, கெளம்புங்க" என்றார் ஃபோர்மேன்.

அவள் தலை நிமிரவில்லை.

"போன தடவ நீங்க சொல்லித்தான் கெளம்பினேன். இந்தத் தடவ கிளார்க்குத் தம்பி வந்து சொல்லட்டும்."