பட்டியலில் பதினேழாவது

மிருணாளினி பச்சைச் சேலையின் கரையை இஸ்திரிப் பெட்டியால் அழுத்திக்கொண்டிருந்தபோது அழைப்புமணி அடித்தது.

அப்பா தவரத்தினமும் சித்தப்பா மகேந்திரராசாவும் வாசலுக்கு வெளியிலேயே நின்றார்கள். விவாகரத்து வழக்கு முடியும்வரை வீடு அம்மாவின் பாவனைக்கு என்று நீதிமன்றம் இடைக்காலக் கட்டளை போட்டு எட்டு மாதம். வழக்கு இன்னும் முடியவில்லை. அதற்குள் செவ்வாய்க்கிழமை ஆஸ்பத்திரியில் அம்மா முடிந்துபோனாள்.

"கலியாணக் கூறையைத் தா பிள்ளை. நாளைக்குக் கொம்மாவுக்கு உடுத்தவேணும்," என்றார் அப்பா.

"அவ இந்தப் பச்சைச் சீலையைத்தான் உடுத்தச் சொன்னவ."

லா ஷப்பேல் தமிழ்க் கடைத்தெருவில் பிளவுஸ் தைத்து வாங்கிய முதல் சம்பளத்தில் அம்மா எடுத்த சேலை அது.

"புருசன் இருக்கச் செத்தவள் கூறையோடைதான் போகவேணும்," என்றார் சித்தப்பா. "சனம் காறித் துப்பும்."

மிருணாளினிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இருபத்தாறு வருடம் அம்மாவை வாய் திறக்க விடாத மனிதர், இப்போது சனத்துக்கு முன்னால் சுமங்கலியின் புருஷனாக நிற்க வந்திருக்கிறார்! விறுவிறென்று உள்ளே போனாள். கூறையைத்தான் எடுக்கப் போகிறாள் என்று அப்பா கையை நீட்டினார். அவள் கொண்டுவந்தது வழக்குக் கோப்பு.

"கட்டிலுக்கும் தையல் மெஷினுக்கும் நடுவிலை, பதினேழாவது. கூறைச்சீலை ஒண்டு, சிவப்பு. என்ரை காசிலை வாங்கினது, அவள் கொண்டுபோகக் கூடாது எண்டு நீங்கள் நீதிமன்றத்திலை குடுத்த பட்டியல் அப்பா. தீர்ப்பு வருமட்டும் இதிலை உள்ள ஒண்டையும் வீட்டாலை வெளியிலை எடுக்கக்கூடாதாம்."

"அவளே போயிட்டாள். இனி என்ன கட்டளை?"

"அதை நீதிபதியிட்டைக் கேளுங்கோ. இண்டைக்கு வெள்ளி பின்னேரம். இனித் திங்கக்கிழமைதான் திறப்பினம்."

சித்தப்பா மெதுவாகத் திரும்பினார்.

"ஏன் அண்ணை, கூறையையுமோ எழுதினனீங்கள்?"

அப்பா லிஃப்டின் பொத்தானை அழுத்தினார். அது வரும்வரை மூவரும் அப்படியே நின்றார்கள்.

மறுநாள் அம்மா பச்சைச் சேலையில் பெட்டிக்குள் படுத்திருந்தாள். தானே தைத்த பிளவுஸ், இந்த எட்டு மாதத்தில் அவள் மெலிந்ததால் தோளில் தளர்ந்துபோயிருந்தது. மிருணாளினி தன் கோட்டில் குத்தியிருந்த ஊக்கைக் கழற்றி, பிளவுஸைச் சேலைத் தலைப்போடு சேர்த்துக் குத்தினாள். பெண்கள் சிலர் காதைக் கடித்தார்கள். அவள் நிமிர்ந்து அவர்களை நேராகப் பார்த்தாள். பேச்சு நின்றது.

தலைமாட்டில் புருஷனுக்கென்று விட்டிருந்த இடம் காலியாகவே கிடந்தது. அப்பா பூப்போட வந்தவர்களின் வரிசையில், கடைசியாக, கையில் ஒரு பூவோடு நின்றார்.