இரவல் குரல்

ஸ்பீக்கர் வயரை மகள் பிடுங்கி எறிந்ததில், இறந்துபோன நடிகரின் புகழ்பெற்ற கோர்ட் வசனம் வாசலில் பாதியோடு நின்றது.

"என்னம்மா இது? அப்பா குரல ஜனங்க கேட்டுட்டிருக்காங்கல்ல?" என்றார் நடிகர் சங்கச் செயலாளர்.

"அது எங்கப்பா குரல் இல்ல."

துக்கத்தில் புத்தி பேதலித்துவிட்டது என்று எதிர்வீட்டம்மா தீர்ப்பு எழுதிவிட்டாள். பேதலிக்கவெல்லாம் இல்லை. நூற்றுப்பதினேழு படங்களில் முதல் படத்தில் மட்டும்தான் நடிகர் சொந்தக் குரலில் பேசினார். கீச்சுக்குரல். அவர் கோபப்பட்ட காட்சியில் தியேட்டரே சிரித்ததாம். அதற்குப் பிறகு நாற்பது வருடம் இவர் வாயசைப்பார், இன்னொருவர் கர்ஜிப்பார். விஷயம் வெளியே கசியக்கூடாது என்பது தயாரிப்பாளர்களின் கட்டளை. அதனால் மனிதர் கடையில் காய்கறி விலைகூடக் கேட்டதில்லை. அதற்கு அடக்கம் என்று பெயர் வேறு வைத்தார்கள். மகள் கல்யாணத்தில் மைக்கை நீட்டியபோதும் ஒரு கும்பிடு போட்டு உட்கார்ந்துவிட்டார். அந்தக் கோபம் அவளுக்கு இன்னும் ஆறவில்லை.

அந்த இன்னொருவர் வந்து சேர்ந்தார். குள்ளம், வழுக்கை. "கொஞ்சம் வழி விடுங்க" என்றதுதான் தாமதம், செத்தவரே எழுந்து பேசியதுபோல் கூட்டம் "ஐயா!" என்று அலறியது. செயலாளருக்கு யோசனை பிறந்தது. வயரைச் செருகச் சொல்லிவிட்டு ஓடிவந்தார்.

"அண்ணே, அந்தக் கோர்ட் வசனத்த ஒருதரம் மைக்குல சொல்லிடுங்க. டிவிக்காரங்க காத்திருக்காங்க."

மகள் மைக்கைப் பிடுங்கிக்கொண்டாள்.

"வாயத் திறந்தீங்க, மரியாதை கெட்டுடும். அவர் வாய அடைச்சதே நீங்கதான்."

"நானாம்மா? ஒரு படத்துலயாவது என் பேர போட்டிருக்கானுங்களா?"

"அப்ப ரெண்டு பேருமா சேர்ந்து ஊர ஏமாத்தியிருக்கீங்க. இன்னிக்காவது என் அப்பா பேசட்டும்."

கைபேசியை மைக்கில் வைத்து அழுத்தினாள். போன வாரம் அவளுக்கு அவர் அனுப்பிய குரல் பதிவு.

"ஏய் குட்டி, கேஸ் சிலிண்டர் தீர்ந்து ரெண்டு நாளாச்சு. அந்த ஏஜென்சிக்காரனுக்குப் போன் போட்டா, 'சொல்லுங்கம்மா'ங்கிறான்! எனக்கு வர்ற ஆத்திரத்துக்கு… நீயே பேசித் தொலை. பேசிட்டு வா. தனியா சாப்பிடப் பிடிக்கல."

"யாருப்பா அந்தம்மா?" என்றான் ஒரு ரசிகன். பின்னால் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். மகள் திரும்பிப் பார்க்கவில்லை. சத்தத்தை முழுதாகக் கூட்டி, முதலிலிருந்து மறுபடி ஓடவிட்டாள்.

வழுக்கைத்தலையர் மட்டும் சிரிக்கவில்லை. டப்பிங் அறையில் நாற்பது வருடம் உதடு பார்த்துப் பேசிய பழக்கம். குரல் வந்ததும் அவர் கண்கள் தாமாகவே நடிகரைக் கிடத்தியிருந்த கண்ணாடிப் பெட்டிக்குள், அந்த உதடுகளுக்குப் போயின.

மகள் அதைக் கவனித்தாள். அவருக்கு மறைக்காமல் ஓரடி தள்ளி நின்றாள்.