சண்டைக்கு வைத்த பாக்கி

கடைக்கு வேலாயி தரவேண்டியது இரண்டாயிரத்து எண்ணூற்று எழுபது ரூபாய். மழைக்காலத்தில் கான்கிரீட் வேலை நின்றுபோனது, வயிறு நிற்குமா? அந்தமானில், பாம்பூஃப்ளாட் படகு ஜெட்டிக்குப் பக்கத்தில் சபீஹாவின் மளிகைக் கடையில் வாங்கித் தின்ற பாக்கிதான் அத்தனையும்.

ஒருநாள் அதற்காக இரண்டு பேரும் கடைவாசலில் கத்திக்கொண்டார்கள்.

"பாயம்மா, ஒன் அரிசியில பாதி கல்லு. கல்லுக்கும் சேத்தா காசு?" என்றாள் வேலாயி.

"கல்லு சொமக்குறவதானே, தின்னா என்னடி?" என்றாள் சபீஹா.

ஃபெர்ரிக்கு நின்ற யாரோ அதைப் போனில் பிடித்துப் போட்டுவிட்டார்கள். மெயின்லேண்டு வரைக்கும் சிரித்தார்கள். சிரித்தவர்களில் பாதிப் பேருக்கு அவரவர் தெருக் கடையில் பாக்கி இருந்திருக்கும். அடுத்த பாகம் எங்கே என்று கேட்டுக் குவித்தார்கள்.

சபீஹா கெட்டிக்காரி. சாக்குமூட்டைமேல் தன் போனைச் சாய்த்து வைத்து, வேலாயி வேலை முடிந்து வரும்போதெல்லாம் வம்புக்கு இழுத்தாள். வேலாயிக்கும் முதலில் குஷிதான், வாய்க்கா பஞ்சம்? டூரிஸ்ட்காரர்கள் கடையைத் தேடி வந்து ஜூஸ் குடித்தார்கள்.

ஆனால் சைட்டில் மேஸ்திரி அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதை விட்டுவிட்டான். "ஏ கடன்காரி, கலவை கொண்டா!" ஃபெர்ரியில் முன்பின் தெரியாதவன்கூட, கடன் அடைச்சாச்சா என்று இந்தியில் கேட்டு இளித்தான். மகளைக் கொடுத்த இடத்திலிருந்து சம்பந்தியம்மா போன் போட்டாள். "வீடியோல பாத்தோம். ரொம்பக் கஷ்டமோ?" அன்றைக்கு வேலாயிக்குச் சோறு இறங்கவில்லை.

கூலி கைக்கு வந்ததும் நேராகக் கடைக்குப் போனாள். "இந்தா, முழுசா எடுத்துக்க."

சபீஹா கையை நீட்டவில்லை. "அரே, இப்ப என்ன அவசரம்? பெருநாள் வரைக்கும் இருக்கட்டும். பாக்கி தீந்துட்டா எதுக்குடி சண்டை போடுறது?"

"அப்ப நான் கடன்காரியாவே இருக்கணும்?"

"நடிப்புத்தானே புள்ள."

"ஒனக்கு நடிப்பு. ஊரு என்னத்தானே கடன்காரிங்குது."

சபீஹா காதில் போட்டுக்கொள்ளவில்லை. ஃபெர்ரி வந்து கூட்டம் இறங்கிக்கொண்டிருந்தது. போனைச் சாய்த்து லைவைப் போட்டுவிட்டுக் குரலை உயர்த்தினாள். "வந்துட்டா மகாராணி! எங்கடி என் காசு?"

வேலாயி புடவைத் தலைப்பால் முகத்துச் சிமெண்டைத் துடைத்துக்கொண்டு போனுக்கு நேராக நின்றாள். "எல்லாரும் நல்லாப் பாத்துக்குங்க." ஒவ்வொரு நோட்டாகப் பலகைமேல் போட்டு உரக்க எண்ணினாள். கடைசிச் சில்லறையையும் வைத்தாள். "கேட்டீல்ல? எடு."

கேட்டது தன் வாய்; பார்ப்பது ஊர். சபீஹா போனைப் பார்த்தாள், கூட்டத்தைப் பார்த்தாள். என்ன இருந்தாலும் கடைக்காரி, காசைக் கண்டதும் கை தானாக நீண்டது. எண்ணிப் பெட்டியில் போட்டாள்.

"வாயால சொல்லு, பாயம்மா."

"பாக்கி இல்ல."

"ஃபெர்ரில இருக்கறவங்களுக்குக் கேக்கல."

"வேலாயி எனக்கு ஒத்தப் பைசா தரவேண்டியதில்ல! போதுமா தாயே?" கத்தி முடித்த சபீஹாவுக்கே சிரிப்பு வந்துவிட்டது.