ஐந்தே முக்காலுக்குப் பிறகு

"எறக்குங்க."

பெஞ்சோடு சக்கரபாணியைத் தூக்கி லாரியின் பின்கதவு வரை கொண்டுபோன நான்கு பேரும் அப்படியே நின்றார்கள்.

"இன்னா அண்ணி?" என்றான் கொழுந்தன் சகாதேவன்.

"லெட்டர் வரட்டும். சாந்த் பாஷா பாய் ஆபீசுக்குப் போயிருக்காரு."

"இன்னா லெட்டர்?"

"உங்க அண்ணன் ஊரை விட்டுப் போறதுக்குப் பர்மிஷன்."

"செத்தவருக்கா? ஏன் அண்ணி, எமன் மட்டும் பர்மிஷன் காட்டிட்டா உள்ள வந்தான்?"

யாரோ சிரித்து, இருமலாக மாற்றிக்கொண்டார்கள். வெள்ளையம்மாள் அசையவில்லை.

மூன்று வருஷத்துக்கு முன்னால், அலுவலகப் பதிவறையில் ஒரு ஃபைல் கட்டு காணாமல் போனதற்காகச் சக்கரபாணியை சஸ்பெண்ட் செய்தார்கள். என்ன குற்றம் என்று எழுதித் தரும் சார்ஜ் மெமோ வரவேயில்லை. அனுமதி இல்லாமல் திருவண்ணாமலையை விட்டு நகரக் கூடாது என்று மட்டும் எழுத்தில் வந்தது. செங்கம் பக்கத்துச் சொந்த ஊரில் அவரைப் பெற்றவள் செத்தபோது, அனுமதி வருவதற்குள் எரித்து முடித்திருந்தார்கள்.

"யாரு பாக்கறா, போய்ட்டு வந்துடுங்க" என்று வெள்ளையம்மாள் அன்றைக்குச் சொல்லிப் பார்த்தாள்.

"அதுக்குத்தான் காத்துனு இருக்காங்க. ஓடிட்டான்னு எழுதிடுவாங்க" என்றார். பொழுது சாயும்வரை வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இன்னைக்கும் ஒருத்தன் அப்படி எழுதினா? பதில் சொல்ல அவரு இருக்காரா?" என்றாள் வெள்ளையம்மாள். சகாதேவன் கைகாட்டினான். பெஞ்சு இறங்கியது.

சாந்த் பாஷா சைக்கிளில் வந்து இறங்கினார். அதே அலுவலகத்தில் டைப்பிஸ்ட். சஸ்பென்ஷனை எதிர்த்துச் சக்கரபாணி கோர்ட்டில் போட்ட மனுக்கள் எல்லாம் அவர் அடித்தவை. கையில் ஒன்றும் இல்லை.

"குடுத்துட்டாங்களா பாய்?"

"குடுக்க மாட்டேன்னுட்டாங்க."

அவள் பெஞ்சு பக்கம் திரும்பினாள்.

"முழுசாக் கேளு தங்கச்சி. குடுக்கறதுக்கு அவங்களுக்கு அதிகாரமே இல்ல. கோர்ட்டு இன்னா சொல்லிச்சு? மூணு மாசத்துல சார்ஜ் மெமோ குடு, இல்லாட்டி சஸ்பென்ஷன் தானாவே ரத்துன்னுச்சு. கெடு எப்போ?"

"நேத்து."

"பேப்பர் வந்துச்சா?"

வரவில்லை. நேற்று மாலை சக்கரபாணி நாற்காலியை வாசலில் போட்டு, கைக்கடிகாரத்தை முழங்கால்மேல் வைத்து உட்கார்ந்திருந்தார். அலுவலகம் மூடும் நேரம் ஐந்தே முக்கால். அது தாண்டியதும் எழுந்து, "வெள்ளை, தோசை சுடு" என்றார். ஏழு தோசை. "கொஞ்சம் கம்மி பண்ணுங்க" என்றதற்கு, "நாளைக்கு ஆபீஸ் போவணும்ல, தெம்பு வேணாமா?" என்று எட்டாவதையும் கேட்டு வாங்கிக்கொண்டார். விடிகாலையில் எழுப்பப் போனபோது உடம்பு சில்லிட்டிருந்தது. முகம் மட்டும் சாப்பிட்ட முகமாகவே இருந்தது.

"நேத்து அஞ்சே முக்காலுக்கு அப்புறம் அவரு டூட்டில இருந்த ஆளும்மா" என்றார் சாந்த் பாஷா. "டூட்டில இருக்கறவன் செத்தாதான் ஆபீஸ் மாலை. போடலாமா கூடாதான்னு ஒரு மணி நேரம் வழக்காடினாங்க. கோர்ட்டு காப்பிய மேஜைமேல வெச்சேன். தேதிய விரல்விட்டு எண்ணிப் பாத்தாங்க. தோ, வராங்க."

தெருமுனையில் ஏழெட்டு சைக்கிள்கள் திரும்பின. பின்னால் ஜீப்பில் அதிகாரி.

"பர்மிஷன் கேக்கப் போனாரு, ஆபீசையே கூட்டினு வந்துட்டாரே பாய்!" என்றான் சகாதேவன். சொல்லும்போதே துண்டால் முகத்தைப் பொத்திக்கொண்டான்.

அதிகாரி செருப்பைக் கழற்றிவிட்டு, குனிந்து மாலையைப் போட்டார். வெள்ளையம்மாளைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டு விலகி நின்றார்.

"தூக்குங்க" என்றாள் அவள்.

செங்கம் ரோட்டில் ரமணாசிரமம் தாண்டியதும் டிரைவர் தலையைப் பின்னால் திருப்பினான். "வேகமாப் போவட்டாம்மா?"

"மெதுவாவே போப்பா. யாரும் தேட மாட்டாங்க."

மலை கொஞ்ச தூரம் வலப்பக்கமாகக் கூடவே வந்தது. ஊர் எல்லை தாண்டிய பிறகு, வெள்ளையம்மாள் அவர் பக்கத்தில் காலை நீட்டி உட்கார்ந்துகொண்டாள்.